கலப்பு பின்னக் கழித்தல்: தப்பான விடையை வைத்தே தவறைப் பிடிக்கும் வழி

கலப்பு பின்னங்களைக் கழித்து விடை தப்பாக வந்தால், பலரும் எல்லாவற்றையும் அழித்துவிட்டு முதலிலிருந்து போடுவார்கள். பெரும்பாலும் அதே தப்பான விடையே திரும்பவும் வரும். ஏனென்றால் கை தவறிப் போட்ட கணக்கு அல்ல அது. ஏதோ ஒரு படியைத் தப்பாகப் பழகி, அதை ஒழுங்காகப் பின்பற்றிப் போட்ட கணக்கு. அதனால் அழிக்க வேண்டாம். எந்தப் படியில் சறுக்கல் என்பதை அந்த விடையிலிருந்தே கண்டுபிடித்துவிடலாம்.

ஒரே ஒரு கணக்கை எடுத்துக்கொள்வோம்.

7 1/4 − 3 5/6

முழு எண் 7, பக்கத்தில் பின்னம் 1/4. அதிலிருந்து முழு எண் 3, பின்னம் 5/6 போக வேண்டும். பகுதிகள் 4, 6. இரண்டின் மீச்சிறு பொது மடங்கு (மீ.சி.ம.) 12. ஆக 1/4 = 3/12, 5/6 = 10/12. கணக்கு இப்போது 7 3/12 − 3 10/12. தொகுதியில் 3-லிருந்து 10 போகாது. எனவே 7-லிருந்து ஒன்றை எடுத்து 12/12 ஆக்கி, ஏற்கெனவே இருக்கும் 3/12 உடன் சேர்த்தால் 6 15/12. இனி 15 − 10 = 5, 6 − 3 = 3. விடை 3 5/12.

உங்களுக்குத் தகராறு செய்யும் கணக்கு வேறாக இருக்கலாம். பரவாயில்லை. மேலே உள்ள வழியைப் பார்க்காமல், வழக்கமாக எப்படிப் போடுவீர்களோ அப்படியே இந்தக் கணக்கைத் தாளில் போடுங்கள். அப்புறம் வந்த விடையைக் கீழே தேடுங்கள். பிள்ளைக்குச் சொல்லித்தருபவர் என்றால், பிள்ளையைப் போடவிட்டுப் பேசாமல் பாருங்கள்.

தேடுவதற்கு முன் ஒரு மதிப்பீடு

3 5/6 ஏறக்குறைய 4. 7 1/4-லிருந்து 4 போனால் 3 1/4 மிஞ்சும். நாம் கழிப்பது நாலுக்கு 1/6 குறைவு. எனவே விடை 3 1/4-ஐவிட அந்த 1/6 அளவு கூடுதலாக இருக்க வேண்டும். 4-ஐத் தாண்டிய எந்த விடையும் தப்பு. 3 1/4-க்குக் கீழே போன எந்த விடையும் தப்பு. இதைப் பேனாவை எடுக்கும் முன்பே மனதில் போட்டுவிடலாம்.

விடை 4 7/12 வந்தால்

எல்லாத் தவறுகளிலும் அதிகம் பார்க்கக் கிடைப்பது இதுதான். பகுதிகளைச் சரியாகச் சமமாக்கியாயிற்று: 7 3/12, 3 10/12. ஆனால் 3-லிருந்து 10 போகாது என்ற இடத்தில், மனது சத்தமில்லாமல் 10-லிருந்து 3-ஐக் கழித்துவிட்டது. 7/12 வந்தது அப்படித்தான். முழு எண்ணில் 7 − 3, பின்னத்தில் 10 − 3. ஒரு பக்கம் மேலிருந்து கீழே போனது, மறுபக்கம் கீழிருந்து மேலே போனது.

இது பின்னத்துக்கு மட்டும் உரிய நோய் அல்ல. 1978-இல் ஜான் சீலி பிரவுன், ரிச்சர்ட் பர்ட்டன் என்ற இரண்டு அமெரிக்க ஆய்வாளர்கள், சாதாரண முழு எண் கழித்தலில் பிள்ளைகள் செய்யும் தவறுகளைக் கணினி நிரலில் வரும் பிழைகளைப் போல ஆராய்ந்தார்கள். பெரியதிலிருந்து சின்னதைக் கழித்துவிடும் இந்தப் பழக்கம் அந்தப் பட்டியலில் முக்கியமான ஒன்று. 52 − 37 என்ற கணக்கில் 7 − 2 = 5 என்று போட்டு 25 என்று எழுதும் பிள்ளைதான், பின்னத்துக்கு வந்ததும் 4 7/12 என்று எழுதுகிறது. எனவே இந்த விடை வந்தால் 52 − 37-ஐயும் ஒருமுறை போட்டுப் பாருங்கள். அங்கேயும் 25 வந்தால், பின்னத்தை மூடி வைத்துவிட்டு முதலில் முழு எண் கழித்தலைச் சரிசெய்ய வேண்டும்.

முழு எண்ணில் தவறில்லை, பின்னத்தில் மட்டும்தான் என்றால், திருத்தம் எளிது. பொதுப் பகுதி வந்ததும் கழிக்கத் தொடங்காமல் ஒரு கணம் நிறுத்தி, மேல் பின்னத்தின் தொகுதி பெரிதா, கீழ் பின்னத்தின் தொகுதி பெரிதா என்று பார்க்க வேண்டும். கீழே உள்ளது பெரிது என்றால், கடன் வாங்காமல் ஒரு கோடுகூடப் போடக் கூடாது.

குறை எண் தெரிந்தவர்களுக்குக் கடனே வேண்டாம். 7 − 3 = 4. 3/12 − 10/12 = −7/12. இனி 4-லிருந்து 7/12 போனால் 3 5/12. இது முழுக்கச் சரியான வழி. அந்தக் குறைக்குறியை விட்டுவிட்டால்தான் 4 7/12 ஆகிவிடும்.

விடை 3 7/12 வந்தால்

முந்தைய தவறின் அரைகுறைத் திருத்தம் இது. கடன் வாங்க வேண்டும் என்று ஞாபகம் வந்து 7-ஐ 6 ஆக்கியாயிற்று. ஆனால் எடுத்த ஒன்று பின்னத்துக்குப் போய்ச் சேரவில்லை. பின்னத்தில் பழையபடி 10 − 3 நடந்துவிட்டது. 3-க்கும் 4-க்கும் இடையில் இருப்பதால் இந்த விடை மேலோட்டமான மதிப்பீட்டில் தப்பித்துக்கொள்ளும். கூட்டிப் பார்த்தால்தான் மாட்டும்: 3 7/12 + 3 10/12 = 6 17/12 = 7 5/12. வர வேண்டியது 7 3/12.

விடை 3 1/4 வந்தால்

இங்கே கடன் வாங்கியாயிற்று, 7-ம் 6 ஆகிவிட்டது, எல்லாம் சரி. ஆனால் 3 என்ற தொகுதி 15 ஆவதற்குப் பதில் 13 ஆகியிருக்கிறது. 13 − 10 = 3; 3/12 = 1/4. அதாவது கடன் வாங்கியவர் பத்தை வாங்கியிருக்கிறார்.

பல ஆண்டுகளாக முழு எண்களில் கடன் வாங்கிய கை, கடன் என்றாலே பத்து என்று பழகிவிட்டது. முழு எண்ணில் பத்து வருவதற்குக் காரணம், பத்து ஒன்றுகள் சேர்ந்தால்தான் ஒரு பத்து என்பது. இங்கே ஒரு முழு எண்ணுக்குள் எத்தனை துண்டு? பகுதி எவ்வளவோ அத்தனை. பகுதி 12 என்றால் 12 துண்டு; பகுதி 35 என்றால் 35 துண்டு.

கடிகாரத்தை நினைத்துக்கொண்டால் இது உடனே புரிந்துவிடும். 7 மணி 15 நிமிடத்திலிருந்து 3 மணி 50 நிமிடத்தைக் கழிக்கச் சொன்னால், ஒரு மணியை உடைத்து யாரும் பத்து நிமிடம் என்று சேர்க்க மாட்டார்கள். அறுபதைச் சேர்த்து 75 ஆக்கி, 75 − 50 = 25 என்பார்கள். விடை 3 மணி 25 நிமிடம். கவனித்தீர்களா, இது நம்முடைய கணக்கேதான். கால் மணி 15 நிமிடம், 5/6 மணி 50 நிமிடம், 25 நிமிடம் என்பது 25/60, சுருக்கினால் 5/12. பகுதிகள் 2, 3, 4, 5, 6, 10, 12, 15, 20, 30 என்று 60-ஐ மீதியின்றி வகுக்கும் எண்களாக இருக்கும்வரை, எந்தக் கலப்பு பின்னக் கழித்தலையும் நிமிடமாக மாற்றிச் சரிபார்த்துவிடலாம். 7, 9, 11 போன்ற பகுதிகளுக்கு இது உதவாது.

பத்தை வாங்கும் தவறு சில கணக்குகளில் தானாகவே அம்பலமாகும். 4/30-லிருந்து 21/30 போக வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்தை வாங்கினால் 14. அதிலிருந்தும் 21 போகாது. சரி, இன்னொரு முறை கடன் வாங்கலாமா என்று பிள்ளை கேட்டால், தவறு இன்னதுதான் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடலாம். இரண்டு தகு பின்னங்களுக்கு நடுவே ஒரே ஒரு கடனுக்கு மேல் ஒருபோதும் தேவைப்படாது.

விடை 3 1/6 அல்லது 4 5/12 வந்தால்

இரண்டும் கடன் கணக்கில் ஏதோ ஒன்றை மறந்ததால் வருபவை. 3 1/6 என்றால், 7-லிருந்து எடுத்த ஒன்றை 12/12 என்று எழுதிவிட்டு, ஏற்கெனவே அங்கே இருந்த 3/12-ஐத் தொலைத்துவிட்டீர்கள்: 12 − 10 = 2, 2/12 = 1/6. 4 5/12 என்றால் பின்னம் முழுக்கச் சரி. கடன் கொடுத்த 7-ஐ 6 ஆக்க மறந்துவிட்டீர்கள்.

இரண்டுக்கும் ஒரே மருந்து. 7-ன் தலைமேல் சின்னதாக 6 என்று கிறுக்கி, பின்னத்தின் பக்கத்தில் 12 என்று திணித்து எழுதும் பழக்கத்தை விடுங்கள். 7 3/12 = 6 + 12/12 + 3/12 = 6 15/12 என்று தனி வரியாக எழுதுங்கள். ஒரு வரி கூடுதல்தான். ஆனால் எதையும் மறக்க வழியில்லை, ஏனென்றால் சமக்குறியின் இரண்டு பக்கமும் சமமா என்று கண்ணாலேயே பார்த்துவிடலாம்.

விடை 3 2/3 வந்தால்

கண்டுபிடிக்கக் கொஞ்சம் கஷ்டமான தவறு இது. பகுதியை 12 ஆக்கியவர் தொகுதியை அப்படியே விட்டுவிட்டார்: 7 1/12 − 3 5/12. அதற்குப் பிறகு செய்தது எல்லாம் சரி. கடன் வாங்கி 6 13/12, கழித்து 3 8/12, சுருக்கி 3 2/3.

சிக்கல் என்னவென்றால், சரிபார்க்கும்போதும் இந்தத் தவறு ஒளிந்துகொள்ளும். 3 8/12 + 3 5/12 = 6 13/12 = 7 1/12 என்று வரும்; தாளில் மேலேயும் 7 1/12 என்றே இருக்கிறது; சரி, ஒத்துப்போகிறது என்று டிக் போட்டுவிடுவார். சரிபார்க்கும்போது நடுவில் எழுதிய எண்களைத் தொடவே கூடாது. கேள்வியில் இருந்த எண்ணை எடுங்கள்: 3 2/3 + 3 5/6 = 3 4/6 + 3 5/6 = 6 9/6 = 7 1/2. கேள்வியில் இருப்பது 7 1/4. மாட்டிக்கொண்டது.

திருத்தம்: 1/4-ன் பகுதி 4 என்பது 12 ஆக மூன்றால் பெருக வேண்டும். மேலேயும் அதே மூன்றால் பெருக்க வேண்டும். கீழே மட்டும் பெருக்கினால் 1/4 என்பது 1/12 ஆகச் சுருங்கிவிடும். அது சமான பின்னம் இல்லை, வேறொரு எண்.

விடை சரியாக 6 என்று வந்தால்

தொகுதியைத் தனியே கழித்து 4, பகுதியைத் தனியே கழித்து 2, ஆக 4/2. அது 2. முழு எண் 4-உடன் சேர்ந்து 6. இப்படிப் போடுபவருக்குப் பொதுப் பகுதி என்ற விஷயமே இன்னும் மனதில் பதியவில்லை. 1/2 − 1/4-ஐ இதே முறையில் போடச் சொல்லுங்கள். மேலே 1 − 1, அதாவது பூஜ்யம். அரையிலிருந்து கால் போனால் ஒன்றுமே மிஞ்சாதா என்று கேட்டால் அவரே சிரித்துவிடுவார். பகுதி என்பது துண்டு எவ்வளவு பெரியது என்று சொல்லும் எண்; அதைக் கழிக்கவும் முடியாது, கூட்டவும் முடியாது.

விடை 5 1/12, அல்லது கால்குலேட்டரில் 5.0833…

தாளில் 5 1/12 வந்தால், முழு எண்களைக் கழித்துவிட்டுப் பின்னங்களைக் கூட்டியிருக்கிறீர்கள். 4, அதோடு 3/12 + 10/12 = 13/12. கால்குலேட்டரில் 5.0833… வந்தாலும் நடந்தது அதேதான். 7+1/4−3+5/6 என்று அடைப்புக்குறி இல்லாமல் அடித்தால், கழித்தல் குறி 3-உடன் நின்றுவிடும், 5/6 கூட்டப்பட்டுவிடும். (7+1/4)−(3+5/6) என்று அடித்தால் 3.41666… வரும். 3 5/12-ன் தசம வடிவம் அதுதான்.

விடை 11 11/12 என்று பெரிதாக வந்தால்

கணக்கு தெரிகிறது, கையெழுத்துதான் தெரியவில்லை. 7 1/4 என்பது 71/4 ஆகவும், 3 5/6 என்பது 35/6 ஆகவும் படிக்கப்பட்டிருக்கிறது. 7-லிருந்து எதையோ கழித்து 11 வரவே முடியாது என்று உடனே தோன்ற வேண்டும். முழு எண்ணைப் பெரிதாகவும் பின்னத்தைச் சின்னதாகவும், நடுவே கிடைக்கோடு போட்டும் எழுதுங்கள். சாய்கோடு அச்சுக்கு வசதி, நோட்டுக்கு அல்ல.

தகா பின்னமாக மாற்றிப் போட்டு, விடை 4 அல்லது குறை எண் வந்தால்

கடனே பிடிக்காதவர்கள் இரண்டையும் தகா பின்னமாக மாற்றிவிடுவார்கள். 7 × 4 + 1 = 29, எனவே 29/4. 3 × 6 + 5 = 23, எனவே 23/6. பொதுப் பகுதியில் 87/12 − 46/12 = 41/12 = 3 5/12. கடன் வாங்கும் வேலையே இல்லை என்பது இதன் பெரிய வசதி.

இந்த வழியில் விடை சரியாக 4 வந்தால், பெருக்கிவிட்டுத் தொகுதியைக் கூட்ட மறந்திருக்கிறீர்கள்: 28/4, 18/6, அதாவது வெறும் 7, வெறும் 3. குறை எண் வந்தால், முழு எண்ணைப் பகுதியால் பெருக்காமல் தொகுதியால் பெருக்கிப் பகுதியைக் கூட்டியிருக்கலாம்: 11/4, 21/6. 7 1/4 என்பது 11/4 ஆக முடியுமா? 11/4 மூன்றுகூட இல்லை.

என்னைக் கேட்டால், முழு எண்கள் சின்னதாக இருக்கும்வரை இந்த வழி நல்லது. 48 1/9 − 35 5/6 என்று வந்தால் 433/9, 215/6, அப்புறம் 866/18 − 645/18 = 221/18 என்று இழுத்துக்கொண்டு போக வேண்டும். கடைசியில் 221-ஐ 18-ஆல் வகுத்து 12 5/18. கடன் வழியில் 47 20/18 − 35 15/18 என்று ஒரே வரியில் முடிந்துவிடும். கடனுக்குப் பயந்து பெரிய பெருக்கலில் போய் விழுவது லாபமான வியாபாரம் இல்லை.

விடை 3 10/24 அல்லது 41/12 என்றால்

தவறு இல்லை. 4-ஐயும் 6-ஐயும் பெருக்கி 24-ஐப் பொதுப் பகுதியாக எடுத்திருக்கிறீர்கள், அல்லது கலப்பு பின்னமாக மாற்றாமல் விட்டிருக்கிறீர்கள். சுருக்குங்கள், மாற்றுங்கள், அவ்வளவுதான்.

பொதுப் பகுதியிலேயே மாட்டிக்கொண்டால்

6 5/12 − 2 7/18 என்று வைத்துக்கொள்வோம். பொதுப் பகுதி 6 என்று எழுதியிருந்தால், அது மீ.சி.ம. அல்ல, மீப்பெரு பொதுக் காரணி. பொதுப் பகுதி இரண்டு பகுதிகளில் பெரியதைவிடச் சின்னதாக இருக்கவே முடியாது. 24 என்று எழுதியிருந்தால், 18 அதை மீதியின்றி வகுக்காது. சந்தேகம் வந்தால் பெரிய பகுதியின் மடங்குகளை வரிசையாகச் சொல்லுங்கள்: 18, 36. 12 எதை வகுக்கிறதோ அங்கே நில்லுங்கள். 36. கணக்கு 6 15/36 − 2 14/36 = 4 1/36.

மேலே பின்னமே இல்லாவிட்டால்

8 − 2 3/7 என்ற கணக்குக்கு 6 3/7 என்று எழுதுபவர்கள் நிறைய. மேலே பின்னம் இல்லை, கீழே 3/7 இருக்கிறது, அதை அப்படியே இறக்கிவிட்டார்கள். ஆனால் 6 3/7 என்பது 8 3/7 − 2-க்கு விடை. இரண்டு கணக்கையும் அடுத்தடுத்து எழுதிக் காட்டினால் போதும். வேறு விளக்கம் தேவைப்படாது. 8-ஐ 7 7/7 என்று எழுதிக் கழித்தால் 5 4/7.

முழு எண்கள் முழுக்கக் கழிந்துபோகும் கணக்கு இதற்கு எதிர்ப்பக்கம். 4 1/8 − 3 7/10 = 3 45/40 − 3 28/40 = 17/40. முழு எண் இடத்தில் ஒன்றும் இல்லையே என்று பயந்து 1 17/40 என்று எழுதிவிடுபவர்கள் உண்டு. பூஜ்யம் வந்தால் பூஜ்யம்தான். அதை எழுதக்கூட வேண்டாம்.

கடன் வாங்காமலே தப்பிக்க ஒரு வழி

கடன் எவ்வளவு சொல்லியும் படியவில்லை என்றால், இரண்டு எண்களோடும் ஒரே அளவைக் கூட்டுங்கள், வித்தியாசம் மாறாது. 3 5/6-உடன் 1/6 சேர்த்தால் 4. 7 1/4-உடனும் 1/6 சேர்த்தால் 7 5/12. இனி 7 5/12 − 4 = 3 5/12. கழிக்கும் எண்ணை முழு எண்ணாக்கிவிட்டால் கடன் என்ற பேச்சுக்கே இடமில்லை. கடன் முறையில் தேறியவர்களும் சரிபார்ப்பதற்கு இதை வைத்துக்கொள்ளலாம்.

திருத்தம் பிடித்ததா என்று பார்க்க

அதே கணக்கைத் திரும்பப் போட வேண்டாம், விடை மனப்பாடம் ஆகியிருக்கும். இதைப் போடுங்கள்: 9 2/15 − 5 7/10. பொதுப் பகுதி 30, விடை 3 13/30. நிமிடத்தில் 9 மணி 8 நிமிடத்திலிருந்து 5 மணி 42 நிமிடம், மிச்சம் 3 மணி 26. 4 17/30 வந்தால் தொகுதி இன்னும் தலைகீழாகவே கழிகிறது. 4 13/30 என்றால் கடன் கொடுத்த 9 இன்னும் குறையவில்லை. 3 3/10 என்றால் 30/30-ஐ எழுதிவிட்டு 4/30-ஐத் தொலைத்திருக்கிறீர்கள். 3 5/6 என்றால் பகுதி மட்டும் மாறி, தொகுதி மாறவில்லை. 4 5/6 என்றால் முழு எண்களைக் கழித்துவிட்டுப் பின்னங்களைக் கூட்டியிருக்கிறீர்கள். 2-க்கு 4-ம் 7-க்கு 21-ம் எழுதிக் கூட்டியிருந்தால் 4 25/30, அதுதான் 4 5/6. தொகுதி மாற்றம் சரி, குறிதான் தப்பு.